நிழலாழி: நிழலைப் பிடித்து இழுக்கும் கடல். விதி வேண்டுமா, மர்மம் வேண்டுமா?

#1 கரையோரக்கயல்

நான் எழுதிவரும் மாயாஜால நாவலுக்கு ஒரு கடல்தான் மையம். பெயர் நிழலாழி. தன் மேல் விழுகிற நிழலை அது பிடித்துக்கொள்ளும். பிடித்ததை மெதுவாக உள்ளே இழுக்கும். நிழல் போனால் நிழலுக்குரியதும் கூடவே போகும், ஆளானாலும் சரி, கப்பலானாலும் சரி, பறவையானாலும் சரி. அதன் மாயம் இவ்வளவுதான். அடியில் பூதம் எதுவும் தூங்கவில்லை, முனிவர் யாரும் சாபம் கொடுக்கவில்லை. பெரிய அலைகூட அடிக்காது. கரையில் நின்று பார்த்தால் இறங்கிக் குளிக்கலாம் என்று தோன்றும்.

இந்த ஒரு விதியை வைத்துக்கொண்டு யோசித்தால் மற்றதெல்லாம் தானாக வந்து விழுகிறது. அந்தக் கரைகளில் பாய்மரக் கப்பலே கிடையாது. பாயைவிட அகலமான நிழல் வேறு எதற்கு உண்டு? எல்லாம் துடுப்பு வலிக்கும் தட்டையான தோணிகள். பயணம் அமாவாசையை ஒட்டிய இரவுகளில், இல்லாவிட்டால் வானம் மூடிக்கிடக்கும் மழை மாதங்களில். இரவில் தோணிக்குள் விளக்கு ஏற்றினால் ஏற்றியவனைக் கட்டிப்போட்டுவிடுவார்கள். விளக்குக்கு முன்னால் உட்கார்ந்திருக்கும் அத்தனை பேருக்கும் அந்த நொடியே நிழல் முளைத்துவிடுமே! கலங்கரை விளக்கம் கட்டுவது அங்கே கொலைக்குச் சமம். மாலுமியைக் கரைசேர்க்க வேண்டிய வெளிச்சமே அவனை முடித்துவிடும். இந்தக் கடல் என்னைப் பிடித்துக்கொண்டதே அந்த இடத்தில்தான்.

கதைநாயகி ஒரு மீகாமனின், அதாவது தோணியை வழிநடத்துபவரின், பேத்தி. பாட்டியிடம் தொழில் கற்கிறாள். அவள் கற்கும்போதே வாசகரும் கடலைக் கற்க வேண்டும் என்பது என் எண்ணம்.

வரைவைப் படித்த ஒரு நண்பர், "விதி தெரிந்துவிட்டால் பயம் போய்விடும், கடல் எப்போது இழுக்கும் என்று யாருக்கும் தெரியக்கூடாது" என்கிறார். நான் நேர் எதிராக நினைக்கிறேன். விதி கறாராக இருந்தால்தான் பயம் வரும். உங்கள் கருத்து வேண்டும். விதியில் ஓட்டை தெரிந்தால் அதையும் சொல்லுங்கள்.

#2 நடுக்கடல்நாடோடி

நான் உங்கள் நண்பர் கட்சி. கடல் பயங்கரமானது என்றால், அடுத்து அது என்ன செய்யும் என்று தெரியாததால்தான். நிழல் விழுந்தால் இழுக்கும், விழாவிட்டால் இழுக்காது என்று எழுதிவிட்டால் அதைக் கடல் என்று சொல்ல முடியாது, பொறி என்றுதான் சொல்ல வேண்டும். பொறியைத் தாண்ட ஒரு தடவை வழி கண்டுபிடித்தால் போதும், அதற்குப் பிறகு வாசகர் நிம்மதியாகிவிடுவார்.

நம் பழங்கதைகளில் உப்பு, கருப்பஞ்சாறு, மது, நெய், தயிர், பால், நன்னீர் என்று ஏழு கடல்களை அடுக்குகிறார்கள். பாற்கடல் ஏன் பாலாக இருக்கிறது என்று எந்தப் பாட்டியாவது விளக்கியிருக்கிறாளா? விளக்காததால்தான் அது இன்னும் மனதில் அப்படியே நிற்கிறது. உங்கள் நிழலாழி அருமையான கற்பனை கயல், அதைக் கணக்குப் பாடம் ஆக்கிவிடாதீர்கள் என்பதே என் வேண்டுகோள்.

#3 பாதரசம்

கணக்குப் பாடம் என்று சொல்லிவிட்டதால் நான் வந்தாக வேண்டும். எனக்கு ஒளியியல் பிடித்த விஷயம். நிழல் என்பது நாம் நினைப்பதைவிட விசித்திரமான பொருள், அதைக் கதைக்குப் பயன்படுத்தாமல் விட்டால் நஷ்டம்.

முதலில் நீளம். சூரியன் 45 டிகிரி உயரத்தில் இருந்தால் நிழல் உங்கள் உயரத்துக்குச் சமம். 10 டிகிரிக்கு இறங்கினால் கிட்டத்தட்ட ஐந்தே முக்கால் மடங்கு. 5 டிகிரியில் பதினொரு மடங்குக்கு மேல். கையை நேராக நீட்டி முஷ்டியை மூடினால் அதன் அகலம் ஏறக்குறைய 10 டிகிரி. ஆகவே உங்கள் மீகாமன்களுக்குக் கருவி எதுவும் வேண்டாம். அடிவானத்துக்கும் சூரியனுக்கும் நடுவே ஒரு முஷ்டி இடம் இல்லையென்றால் எல்லோரும் தோணியில் மல்லாந்து படுத்துவிட வேண்டும். நின்றால் ஒன்பது பத்து மீட்டருக்கு நீளும் நிழல், படுத்தால் தோணி விளிம்பைத் தாண்டாது.

இரண்டாவது விஷயம் இன்னும் சுவையானது. சூரியன் ஒரு புள்ளி இல்லை, வானத்தில் சுமார் அரை டிகிரி அகலமுள்ள வட்டு. அதனால் எந்தப் பொருளின் முழு இருட்டு நிழலும் அந்தப் பொருளின் அகலத்தைப் போல ஏறக்குறைய 108 மடங்கு தூரம்தான் போகும். அதற்கு அப்பால் விளிம்பு கரைந்து வெறும் மங்கல்தான் மிஞ்சும். 2 சென்டிமீட்டர் கயிறு என்றால் இரண்டு மீட்டருக்குச் சற்று அதிகம். 15 சென்டிமீட்டர் பருமனுள்ள மரம் என்றால் 16 மீட்டர். 4 மீட்டர் அகலப் பாய் என்றால் 400 மீட்டருக்கும் மேல். ஆக உயரமான ஒல்லி மரம் உங்கள் கடலுக்குப் பெரிதாகத் தெரியாது, பாய்தான் தெரியும். "பாய்மரக் கப்பலே கிடையாது" என்று முழுசாகக் கதவை மூட வேண்டாம். பாய்க்குப் பதில் மெல்லிய கயிறுகளை இடைவெளி விட்டுப் பின்னிய ஒரு வலையை உயரத்தில் கட்டிக் கொஞ்சமாவது காற்றைப் பிடிக்கப் பார்க்கும் துணிச்சல்காரர்கள் சிலர் இருக்கலாம். நூல்கள் ஒன்றோடொன்று ஒட்டிக்கொண்டால் செத்தார்கள்.

மூன்றாவது, நீரின் தெளிவு. தெளிந்த ஆழ்கடலில் எட்டிப் பாருங்கள், உங்கள் நிழல் சரியாகவே தெரியாது. வெளிச்சம் உள்ளே போய்விடும், நிழல் உட்கார அங்கே மேற்பரப்பு என்று ஒன்று இல்லை. கலங்கல் நீரில்தான் மிதக்கும் துகள்கள் திரைபோல நின்று நிழலை ஏந்தும். கடல் எந்த நிழலைப் பிடிக்கிறது என்பதை நீங்கள் தீர்மானிக்க வேண்டும். கண்ணுக்குத் தெரிகிற நிழலையா, வெறும் கணக்கில் இருக்கிற நிழலையா?

#4 தாழை

ஒரு நிமிஷம். பாதரசம் சொல்வதை அப்படியே எடுத்துக்கொண்டால் நடுக்கடல் பாதுகாப்பு, கரைதான் ஆபத்து! ஆற்று முகத்துவாரம் இருக்கிற இடமெல்லாம் சாவு. வண்டல் கலந்த தண்ணீரில் நிழல் பளிச்சென்று விழுமே.

எனக்கு உடம்பு சிலிர்த்துவிட்டது. பயணம் முழுக்கத் தப்பித்தவர்கள் ஊர் கண்ணுக்குத் தெரிகிற தூரத்தில் வந்து சாவார்கள். கரையில் நிற்கும் குடும்பம் அதைப் பார்த்துக்கொண்டே நிற்கும்.

#5 கரையோரக்கயல்

கண்ணுக்குத் தெரிகிற நிழல்தான். முடிவு செய்துவிட்டேன். தாழை, நீங்கள் சொன்ன அந்தக் காட்சி கதைக்குள் வந்தே தீரும்.

இதை வைத்துக்கொண்டு வரைபடத்தையே மாற்றி வரைகிறேன். ஆற்று முகத்துவாரத்தில் துறைமுகம் இருக்காது, அங்கே கைவிடப்பட்ட பழைய பட்டினங்கள்தான். ஆற்றில் வெள்ளம் வந்து கலங்கல் கடலுக்குள் நீளும் மாதங்களில் ஊரே தண்ணீரின் நிறத்தைப் பார்த்துக்கொண்டிருக்கும். துறைகள் எல்லாம் பாறைக் கரைகளில், நீர் உடனே ஆழமாகித் தெளிகிற இடங்களில்.

அப்புறம் தீவுகள். உயரமான தீவு எதுவுமே மிஞ்சியிருக்க முடியாது. மலையின் நிழல் காலையில் ஒரு பக்கம், மாலையில் மறுபக்கம் கடலில் விழும். ஆயிரமாயிரம் வருஷம் கடல் இரண்டு பக்கமும் மாறிமாறி இழுத்தால் மலை என்ன ஆகும்? சரிந்து சரிந்து, இப்போது நிழலாழியில் இருப்பதெல்லாம் தட்டையான மணல்திட்டுகள். மரம் வைக்க மாட்டார்கள். வீடுகள் தரைக்குக் கீழே. தீவுக்காரர்களுக்குக் குனிந்து நடப்பது பிறவிப் பழக்கம், வெளியூரில்கூட நிமிர்ந்து நிற்கக் கூசுவார்கள்.

#6 நடுக்கடல்நாடோடி

எல்லாம் அழகாக இருக்கிறது, மறுக்கவில்லை. ஆனால் நான் கேட்டதற்குப் பதில் வரவில்லை. 108 மடங்கு, 10 டிகிரி, கலங்கல் நீர். இதெல்லாம் தெரிந்த ஒரு மீகாமனுக்கு என்ன பயம் இருக்கும்? கவனமாக இருந்தால் பிழைப்பாள். கவனம் என்பது பயம் ஆகாது.

#7 ஓலைச்சுவடி

நாடோடி ஐயா, இந்த இடத்தில் நான் உங்களோடு முரண்படுகிறேன். நிஜக் கடலிலிருந்தே ஒரு உதாரணம்.

1893ல் நார்வே ஆய்வுப்பயணி நான்சென்னின் ஃப்ராம் கப்பல் சைபீரியாவின் வடகரையை ஒட்டிப் போய்க்கொண்டிருந்தது. அமைதியான நீரில் திடீரென்று கப்பல் நகர மறுத்தது. இயந்திரம் ஓடுகிறது, ஆனால் யாரோ பின்னாலிருந்து பிடித்து வைத்த மாதிரி வேகம் விழுந்துவிட்டது. மாலுமிகள் இதைச் செத்த நீர் என்பார்கள். ஸ்வீடன் கடலியலாளர் எக்மன் 1904ல் காரணத்தை வெளியிட்டார். உப்பு நீருக்கு மேலே உருகிய பனியின் நன்னீர் மெல்லிய அடுக்காகக் கிடக்கும். கப்பலின் உந்துவிசை இரண்டு அடுக்கும் சேரும் இடத்தில் அலைகளை எழுப்புவதிலேயே செலவாகிவிடும். அலைகள் உள்ளே ஓடுகின்றன, மேலே ஒன்றுமே தெரியாது.

காரணம் தெரிந்துவிட்டது. பயம் போய்விட்டதா? எனக்கு அதிகமாகத்தான் ஆனது. கடல் சும்மா கிடப்பது போலத் தெரியும்போது அதன் வயிற்றுக்குள் பெரிய அலை ஓடிக்கொண்டிருக்கிறது என்ற அறிவு, தெரியாமல் இருந்ததைவிட மோசம். பூதம் பிடித்தது என்று நம்பினால் பூசை போட்டுச் சமாதானம் செய்யலாம். விதிக்கு எந்தப் பூசையும் கிடையாது, அதனிடம் கெஞ்ச முடியாது.

கவனமாக இருந்தால் பிழைக்கலாம் என்கிறீர்கள். இரண்டு வாரம் இரவும் பகலும் ஒரு நொடி தவறாமல் கவனமாக இருக்க எந்த மனிதரால் முடியும்? தூக்கக் கலக்கத்தில் குழந்தை எழுந்து நின்றால்?

கயல், ஒரு காட்சியை எழுதிப் போடுங்களேன். வாதாடுவதைவிட அது மேல்.

#8 கரையோரக்கயல்

மூன்றாம் அத்தியாயத்திலிருந்து ஒரு பகுதி. வரைவுதான்.

*சூரியன் முஷ்டிக்குக் கீழே இறங்கியிருந்தது. எல்லோரும் படுத்திருந்தார்கள். பையன் ஒருவன் மட்டும் கழன்றுகொண்டிருந்த துடுப்பைப் பிடிக்க எழுந்தான். முழுசாகக்கூட எழவில்லை, முட்டி போட்ட நிலையிலிருந்து ஓர் எட்டு. அவன் நிழல் தோணி விளிம்பைத் தாண்டி நீரில் நீண்டு விழுந்தது.*

*சத்தம் எதுவும் இல்லை. நீரில் கிடந்த நிழல் முதலில் தலைப் பக்கம் நீண்டது, பிசைந்த மாவை யாரோ நுனியைப் பிடித்து இழுத்த மாதிரி. பையன் அதைப் பார்த்தான். உட்காரப் பார்த்தான், இடுப்பு மடங்கவில்லை. ஈரப் பலகையில் இரண்டு பாதங்களும் சேர்ந்தாற்போல் ஒரு சாண் சறுக்கின. விரல்களால் பலகையைக் கவ்வினான். இன்னொரு சாண்.*

*"விளிம்பில் அறு!" என்று பாட்டி கத்தினாள். "தலையை விடு, விளிம்பில்!"*

*ஐந்து பேர் மார்பிலிருந்த வெண்கலக் கண்ணாடிகளை எடுத்தார்கள். படுத்தபடியே வெயிலை வாங்கித் திருப்பினார்கள். உள்ளங்கை அகல வெளிச்சத் துண்டுகள் நீரின் மேல் தடுமாறி அலைந்தன, ஒன்றோடொன்று மோதின, கடைசியில் தோணியை ஒட்டிய இடத்தில் வரிசையாக நின்றன. அவன் நிழலின் குறுக்கே ஒரு வெளிச்சக் கோடு. நிழல் இரண்டாகியது. இந்தப் பக்கத்துத் துண்டு அவன் காலோடு நின்றது. அந்தப் பக்கத்துத் துண்டு ஆளில்லாமல் நீரில் கொஞ்ச நேரம் கிடந்தது, பிறகு உள்ளே போனது.*

*பையன் பலகையில் விழுந்தான். அன்றிலிருந்து அவனுக்கு முட்டி வரைதான் நிழல்.*

கண்ணாடி யோசனை ஓலைச்சுவடியின் கேள்வியைப் படித்த பிறகு வந்தது. நிழலை அழிக்க இன்னொரு வெளிச்சம் போதும், ஆனால் சின்னக் கண்ணாடி சின்ன இடத்தைத்தான் நிரப்பும். அதனால் ஒருவரை ஒருவர் தனியாகக் காப்பாற்ற முடியாது. தோணியிலிருக்கும் அத்தனை பேரும் ஒரே கோட்டில் குறிவைத்தால்தான் முடியும்.

#9 தாழை

இப்போது எனக்கு ஒரு கெட்ட யோசனை வருகிறது, சொல்லாமல் இருக்க முடியவில்லை.

முட்டி வரை மட்டும் நிழல் உள்ளவன் இனி எழுந்து நிற்கலாம். கடலுக்கு அவனிடம் பிடிக்க அதிகம் இல்லை. அப்படியென்றால் அந்தக் கரைகளில் குட்டை நிழல்காரர்கள்தான் மிகச் சிறந்த மாலுமிகள், அதிகக் கூலி அவர்களுக்குத்தான். அப்படியென்றால்... சோற்றுக்கு வழியில்லாத பெற்றோர் தங்கள் பிள்ளையை வேண்டுமென்றே சாயங்காலம் கரையில் கொண்டுபோய் நிறுத்துவார்கள். சுற்றிக் கண்ணாடிக்காரர்கள் தயாராக நிற்பார்கள். கடல் பாதி நிழலை எடுத்துக்கொள்ளும், மீதிப் பிள்ளை வேலைக்குப் போகும்.

கடலை விட அந்தக் கரைதான் எனக்குப் பயமாக இருக்கிறது.

#10 நடுக்கடல்நாடோடி

தாழை, இதைப் படித்துவிட்டுக் கொஞ்ச நேரம் எதுவும் எழுதத் தோன்றவில்லை.

சரி, ஒன்றை ஒப்புக்கொண்டாக வேண்டும். இந்தப் பயங்கரம் விதி இல்லாவிட்டால் பிறந்திருக்காது. எப்போது இழுக்கும் என்று தெரியாத கடலை வைத்து யாரும் பிள்ளையை அறுக்க முடியாது. கடல் நம்பகமானது என்பதால்தான் மனிதர் அதைக் கத்தியாகப் பயன்படுத்துகிறார்கள். இந்தக் கோணம் எனக்குப் புதியது.

பாதி நிழலை இழந்த பிள்ளைக்கு வேறு என்ன போகிறது கயல்? ஒன்றுமே போகவில்லை என்றால் கதை மலிவாகிவிடும்.

#11 கரையோரக்கயல்

வெயில் உறைக்காது. நிழல் குறைந்தவர்கள் கொளுத்தும் வெயிலில் நின்றாலும் உடம்பு சூடேறாது, நெருப்புப் பக்கத்தில் உட்கார்ந்தால்தான் குளிர் விடும். கடலில் நெருப்பு கூடாது. ஆக, அதிகக் கூலி வாங்கும் அந்த மாலுமிகள் வாழ்நாளில் பாதியை நடுங்கிக்கொண்டே கழிக்கிறார்கள். ஏன் என்று யாரும் விளக்கப்போவதில்லை. இது அங்கே இருக்கிற உண்மை, அவ்வளவுதான்.

தாழை, அந்தச் சடங்கை அப்படியே எடுத்துக்கொள்ள அனுமதி கொடுங்கள். பாட்டிக்கும் பாதி நிழல்தான் என்பது கதையின் நடுவில் தெரியவரும். அவளை நிறுத்தியது யார் என்பதும்.

#12 தாழை

எடுத்துக்கொள்ளுங்கள். ஆனால் ஒரு கேள்வி மிச்சம். இவ்வளவு ஆபத்தான கடலில் மனிதர் ஏன் இறங்குகிறார்கள்? அக்கரையில் தங்கம் இருக்கிறது என்று மட்டும் சொல்லிவிடாதீர்கள்.

#13 பாதரசம்

மீன்! மீனுக்காகத்தான் இறங்குவார்கள். யோசித்துப் பாருங்கள், இந்தக் கடலுக்கு மேலே பகலில் பறவை பறக்க முடியாது. தாழப் பறக்கிற கடற்பறவையின் நிழல் நீரில் விழுந்த கணமே கதை முடிந்தது. மேலிருந்து கொத்த யாரும் இல்லாத கடலில் மேல்மட்ட மீன்கள் எவ்வளவு பெருகியிருக்கும்!

மீனின் நிழல் என்ன ஆகிறது என்று அடுத்து யாராவது கேட்பீர்கள். அதற்கு நிஜக் கடலே விடை வைத்திருக்கிறது. காரல் மீன்களுக்கு உணவுக்குழாயைச் சுற்றி ஓர் உறுப்பு உண்டு, அதில் ஒளிரும் பாக்டீரியாக்கள் குடியிருக்கின்றன. அந்த வெளிச்சம் வயிற்றுப் பக்கம் கசிந்து வெளியே வரும். கீழேயிருந்து பார்க்கும் வேட்டைமீனுக்குக் காரலின் கருப்பு உருவம் தெரியாது, மேலிருந்து வரும் வெளிச்சத்தோடு கலந்துவிடும். சில கணவாய்களும் இதே வித்தையைச் செய்கின்றன. மேல் வெளிச்சம் கூடினால் வயிற்று வெளிச்சத்தைக் கூட்டி, குறைந்தால் குறைத்துக்கொள்கின்றன. தன் நிழலைத் தானே அழித்துக்கொள்ளும் உயிர்கள். நிழலாழிக்கென்றே பிறந்த மாதிரி இல்லை?

நிழலாழியின் மீன் எல்லாமே வயிறு ஒளிர்பவையாக இருக்கட்டும். அந்த ஒளிப்பையைப் பிழிந்து தோணியின் வெளிப்புறத்தில் பூசுவார்கள். கொஞ்ச நேரத்துக்குத்தான் வேலை செய்யும், பகல் வெயிலை வெல்லாது, ஆனால் நிலா வெளிச்சத்துக்குப் போதும். முழு நிலாவே சூரியனைவிடச் சுமார் 4 லட்சம் மடங்கு மங்கல்தானே.

அப்புறம் பால்கடல். நாடோடி ஐயா சொன்ன பாற்கடல் வேறு, இது நிஜம். 1995ல் சோமாலியாவுக்கு அப்பால் ஒரு கப்பல் இரவில் வெள்ளையாக ஒளிரும் கடலுக்குள் மணிக்கணக்கில் போயிருக்கிறது. பத்து வருஷம் கழித்து ஆய்வாளர்கள் பழைய செயற்கைக்கோள் படங்களைத் தேடி எடுத்தபோது, சுமார் 15,400 சதுர கிலோமீட்டர் பரப்பு மூன்று இரவுகள் ஒளிர்ந்தது தெரியவந்தது. காரணம் ஒளிரும் பாக்டீரியாக்கள் என்றுதான் கருதுகிறார்கள். நிழலாழியில் அப்படி ஒரு இடம் வந்தால், வெளிச்சம் கீழேயிருந்து வருகிறது, நீரில் நிழலே விழாது. கடல் முழுக்க அந்த ஓரிடத்தில் மட்டும் நிமிர்ந்து நிற்கலாம், ஓடலாம், ஆடலாம்.

#14 ஓலைச்சுவடி

அந்த இடத்தில்தான் திருமணம் நடத்துவார்கள்! எங்கே எப்போது வரும் என்று தெரியாது, வந்தால் அந்த இரவுக்குள் முடிக்க வேண்டும். கயல், இது வேண்டும், கண்டிப்பாக வேண்டும்.

இன்னொன்று. மழை மாதங்களில் மேகம் மூடியிருந்தால் பாதுகாப்பு என்றீர்கள். மேகத்துக்கும் நிழல் உண்டு. கடல் மேகத்தை விட்டுவிடுமா? மேகத்தையும் இழுத்தால் அது கீழே வந்து நீரோடு படியும். அதாவது பனிமூட்டம். நிழல் பயம் இல்லாத மாதத்தில் கண் தெரியாத பயம். பாறைக் கரை என்று வேறு சொல்லிவிட்டீர்கள், மூட்டத்தில் பாறை எப்படித் தெரியும்? வெளிச்சம் காட்டவும் முடியாது. கரையில் பறை அடிப்பார்களா, சங்கு ஊதுவார்களா?

#15 கரையோரக்கயல்

சங்கு. ஊருக்கு ஒரு சுரம். தன் ஊர்ச் சங்கைக் காதால் அடையாளம் தெரியாத பிள்ளையைத் தோணியில் ஏற்ற மாட்டார்கள். பிழைக்க நினைக்கிற ஒரு கொள்ளைக்கூட்டம் வேறு ஊர்ச் சங்கை ஊதும்.

இரண்டாவது நிலா வைக்கலாமா என்றும் யோசித்துக்கொண்டிருக்கிறேன். சின்னதாக, வேகமாகச் சுற்றும் ஒன்று.

#16 பாதரசம்

வைத்தால் ஜாக்கிரதை. வெளிச்சம் தரும் வட்டு எவ்வளவு சிறியதோ அவ்வளவு கூர்மை நிழலுக்கு. நல்ல இருட்டில் வெள்ளிக் கோள்கூட நிழல் விழவைக்கும், அந்த நிழலின் விளிம்பு நிலா நிழலைவிடக் கூர்மையாக இருக்கும். புள்ளி போன்ற பிரகாசமான சின்ன நிலா உதித்தால், நான் முன்பு சொன்ன 108 மடங்குக் கணக்கு உடைந்துவிடும். கயிற்றுக்கும் முழு நிழல், தலைமுடிக்கும் முழு நிழல். வலைப் பாய்க்காரர்கள் அன்றைக்கே காலி.

#17 நடுக்கடல்நாடோடி

எல்லோரும் சின்ன நிழல்களையே பேசிக்கொண்டிருக்கிறோம். நேற்று மாலையிலிருந்து ஒரே ஒரு விஷயம் என்னை விடாமல் துரத்துகிறது.

இரவு என்பது என்ன? உலகத்தின் நிழல்.

ஒவ்வொரு நாளும் சூரியன் மறைந்ததும் அந்தக் கடல் முழுவதன் மேலும் உலகமே நிழலாக விழுகிறது. கயலின் விதிப்படி, தன் மேல் விழும் நிழலைக் கடல் பிடிக்கும், நிழலுக்குரியதை இழுக்கும். அப்படியென்றால் இரவு முழுக்க அது எதை இழுத்துக்கொண்டிருக்கிறது? தன்னைத் தாங்கி நிற்கும் உலகத்தையே. அமாவாசை இரவில் தோணிகள் பத்திரமாகப் போகின்றன என்றால், கடல் தூங்குகிறது என்று அர்த்தமில்லை. அதன் கைகள் வேறு வேலையில் இருக்கின்றன.

மாலையில் கிழக்கே பார்த்திருக்கிறீர்களா? சூரியன் மேற்கே விழுந்த சில நிமிஷங்களில் கிழக்கு அடிவானத்தில் கருநீலப் பட்டை ஒன்று எழும், அதற்கு மேலே இளஞ்சிவப்பு ஓரம். அந்தக் கருநீலம்தான் பூமியின் நிழல், காற்றின் மேல் விழுந்து நம் கண்ணுக்குத் தெரிவது. உங்கள் பாட்டி மேற்கே சூரியனைப் பார்க்க மாட்டாள். அது முஷ்டிக் கணக்கு, பேத்திக்குப் போதும். பாட்டி கிழக்கே பார்ப்பாள். அந்தப் பட்டை நேற்றைவிட இன்று ஒரு நூல் முன்னதாக எழுகிறதா என்று பார்ப்பாள். யாரிடமும் சொல்ல மாட்டாள்.

நான் மர்மம் கேட்டேன். விதியை ஒதுக்கிவைத்துவிட்டு வா என்று கேட்டேன். விதியையே கடைசி வரை பிடித்துக்கொண்டு போனால் அது இங்கே வந்து நிற்கும் என்று நினைக்கவில்லை.

#18 தாழை

ஐயா, இதைப் படித்ததும் ஜன்னல் திரையை விலக்கிக் கிழக்கே பார்த்தேன்.

#19 ஓலைச்சுவடி

உயர்ந்த தீவுகள் எல்லாம் சரிந்தன என்று கயல் முன்பே எழுதியிருக்கிறார். அப்படியென்றால் நிலக்கரைகளும் கொஞ்சம் கொஞ்சமாகச் சரிந்துகொண்டேதான் இருக்கும். பழைய பட்டினங்கள் கைவிடப்பட்டதற்குக் கலங்கல் மட்டும் காரணமாக இருக்க வேண்டியதில்லை. கடல் வளர்கிறது. வருஷத்துக்கு எவ்வளவு என்பதைப் பாட்டியின் குடும்பம் மட்டும் தலைமுறை தலைமுறையாக ஏதோ ஒரு பாறையில் கீறி வைத்திருக்கிறது.

#20 கரையோரக்கயல்

நாடோடி ஐயா, இரண்டாம் பாகத்துக்கு என்னிடம் எதுவும் இல்லாமல் இருந்தது. இப்போது இருக்கிறது. நன்றி என்று ஒரு வார்த்தையில் முடிக்க மனமில்லை.

இப்படிச் செய்யப்போகிறேன். கடல் எப்படி இழுக்கிறது என்பதில் ஒரு இம்மி விட்டுக்கொடுக்க மாட்டேன். சூரியன் எத்தனை உயரம், தோணி எத்தனை அகலம், நீர் கலங்கலா தெளிவா, எல்லாம் ஒவ்வொரு காட்சியிலும் சரியாக இருக்கும். வாசகரே கணக்குப் போட்டு, அந்தப் பாத்திரம் எழுந்து நிற்பதற்கு முன்பே "உட்காரு!" என்று பதற வேண்டும். ஏன் இழுக்கிறது என்பதைத் தொடவே மாட்டேன். பாட்டிக்கும் தெரியாது, பூசாரிக்கும் தெரியாது, கதை சொல்கிற எனக்கும் தெரியாது. உலகத்தின் நிழல் விஷயத்தை யாரும் வாய்விட்டுச் சொல்ல மாட்டார்கள். பேத்தி தானாகக் கண்டுபிடிப்பாள், பாட்டி ஏன் கிழக்கே பார்க்கிறாள் என்று கேட்டுக் கேட்டு அலுத்த பிறகு.

சின்ன நிலாவை விட்டுவிட்டேன், ஒரு நிலா போதும். அது இருந்தால்தான் கிரகணம் சுத்தமாக வரும். சூரிய கிரகணத்தில் நிலாவின் நிழல் நேராகக் கடல் மேல் விழுமே, அதை என்ன செய்வது?

#21 பாதரசம்

முழு கிரகணத்தில் சூரியன் உச்சிக்கு அருகே இருந்தால் நிலாவின் கருநிழல் தடம் அதிகபட்சம் 270 கிலோமீட்டர் அளவுக்கு அகலம் இருக்கும், சூரியன் தாழ்ந்திருந்தால் இன்னும் அகலமாகும். ஓர் இடத்தில் நின்று பார்ப்பவருக்கு இருட்டு ஏழரை நிமிஷத்தைத் தாண்டாது, பெரும்பாலும் அதைவிடக் குறைவு. நிழல் மணிக்கு ஆயிரத்தெழுநூறு கிலோமீட்டருக்கும் மேலான வேகத்தில் ஓடும், நிலநடுக்கோட்டை ஒட்டிய பகுதியில்தான் மிக மெதுவாகப் போகும். உங்கள் உலகம் நம் பூமி அளவு என்றால் இதே கணக்கு பொருந்தும்.

கடலின் பிடிக்கு நிலா வந்து சேராது, தூரம் அதிகம். ஆனால் இழுக்கப் பார்க்கும். கடல் மொத்தமும் அந்த ஓடும் நிழலைத் துரத்தும். நீர் ஒரே பக்கமாக எழும்பி ஓடும், பின்னாலேயே கடல்தரை தெரியும். நம் கதையில் முதல்முறையாகப் பெரிய அலை அங்கேதான் வரும்.

#22 தாழை

கடல்தரை தெரியுமா? அப்படியென்றால் இத்தனை காலம் உள்ளே போன தோணிகள், ஆட்கள், அந்தப் பிள்ளைகளின் பாதி நிழல்கள்?

#23 கரையோரக்கயல்

ஆமாம். ஏழு நிமிஷம். பேத்தி கீழே இறங்குவாள், பாட்டியின் நிழலைத் தேடி.

அந்த அத்தியாயத்தை எழுதி முடித்ததும் இங்கேயே போடுகிறேன். பாதரசம், கிரகணம் விலகும்போது சூரியன் முஷ்டிக்கு மேலே இருக்கிறதா என்று மட்டும் சரிபார்த்துச் சொல்லுங்கள். அவள் ஏறி வரும்போது நிழல் எந்தப் பக்கம் விழும் என்பதை வைத்துத்தான் அவள் பிழைப்பதா இல்லையா என்று தீர்மானிக்க வேண்டும்.